வேஷம் கட்ட யாருக்கு உரிமை? பாஸ்க் திருவிழாக் குழுக்களின் கதை

ஜனவரி மாதத்தின் கடைசி ஞாயிறு கழிந்த திங்கட்கிழமை. வட ஸ்பெயினில் நவார்ரா மலைப்பகுதியின் சுபியெத்தா என்ற சிற்றூரில், காலையிலேயே ஒருவர் முதுகில் ஒருவர் மணி கட்டிவிட்டுக்கொண்டிருப்பார்கள். செம்புத் தகட்டில் செய்த பெரிய மணிகள், ஆளுக்கு இரண்டு. கட்டுவதில்தான் வித்தையே இருக்கிறது. முதலில் இடுப்பைச் சுற்றி ஆட்டுத்தோல். அதன்மேல் மணிகளை வைத்து, கயிற்றைப் பல சுற்றுச் சுற்றி, உதவிக்கு வந்தவர்கள் பலம் கொண்ட மட்டும் இழுத்து இறுக்குகிறார்கள். கட்டிக்கொள்பவருக்கு மூச்சு முட்டும். ஆனால் முடிச்சு கொஞ்சம் தளர்ந்தாலும் மணி தன்பாட்டுக்கு ஆடும், தாளம் தப்பும். இரண்டு மணியும் நடப்பவரின் இடுப்போடு சேர்ந்து ஒரே அடியாக ஒலிக்க வேண்டும். அதுவும் ஒருவருடைய மணி மட்டும் போதாது, வரிசையில் வரும் அத்தனை பேருடையதும் ஒன்றாக விழ வேண்டும்.

இவர்களுக்கு யோவால்துனாக் என்று பெயர். தலையில் கூம்பு வடிவத் தொப்பி. அதில் வண்ண நாடாக்கள், உச்சியில் சேவல் இறகு. கீழே நீல நிறக் கால்சட்டை, அதற்குமேல் பெண்கள் அணிவது போன்ற சரிகை வைத்த வெள்ளை உள்பாவாடை, காலில் தோல் செருப்பு, கையில் குதிரை மயிர் கட்டிய கோல். பக்கத்து ஊரான இத்துரென்காரர்கள் தோளிலும் ஓர் ஆட்டுத்தோலைப் போர்த்துவார்கள், சுபியெத்தாக்காரர்கள் போர்த்த மாட்டார்கள். வெளியூர்க்காரர் கண்ணுக்கு இரண்டும் ஒன்றுதான். அந்த ஊர்க்காரரிடம் அப்படிச் சொல்லிப் பாருங்கள்!

திங்களன்று சுபியெத்தாக்காரர்கள் நடந்தே இத்துரெனுக்கு வருகிறார்கள். செவ்வாயன்று இத்துரென்காரர்கள் பதிலுக்குப் போகிறார்கள். சில கிலோமீட்டர் தூரம், இரட்டை வரிசை, மலைச்சரிவில் மோதித் திரும்பும் மணியோசை. இத்துரெனில் கூடவே தோல் போர்த்திய ஒரு கரடி வேஷமும் வரும், அதைச் சங்கிலியில் பிடித்து இழுத்துக்கொண்டு ஒருவர். அப்புறம் முகம் தெரியாமல் மூடிக்கொண்டு, பார்க்க வந்தவர்கள்மேல் கையில் கிடைத்த அழுக்கையெல்லாம் வீசும் ஒரு கூட்டம். ஊர்வலம் முடிந்ததும் விருந்து. இரண்டு ஊரையும் சேர்த்தாலும் ஆயிரம் பேர் தேற மாட்டார்கள். இந்த இரண்டு நாள் விழாவை நவார்ரா அரசு 2009-ல் பாதுகாக்கப்பட்ட பண்பாட்டுச் சொத்தாக அறிவித்தது.

மணி எதற்கு? உறங்கும் பூமியை எழுப்ப, ஓநாய்களை விரட்ட, கெட்ட ஆவிகளைத் துரத்த, மந்தையைக் காக்க என்று ஆளுக்கொரு விளக்கம் உண்டு. மானிடவியலாளர்கள் இதைப் பற்றி நிறைய எழுதியிருக்கிறார்கள். எனக்கு அந்த விளக்கங்களைவிட இன்னொரு கேள்வி சுவையாகப் படுகிறது. இந்த உடுப்பைப் போட்டுக்கொள்ள யாருக்கு உரிமை, அதை யார் முடிவு செய்கிறார்கள்?

பாஸ்க் நாட்டுத் திருவிழாக்களைப் பற்றிய பயணக் குறிப்புகளில் “பாரம்பரிய உடையணிந்த குழுக்கள் பார்வையாளர்களை மகிழ்விக்கும்” என்றொரு வரி கட்டாயம் இருக்கும். அதைப் படித்தால் கூலிக்கு ஆடும் கலைக்குழு ஒன்று நம் மனக்கண்ணில் வரும். உண்மை நிலவரம் வேறு. இந்தக் குழுக்களில் பெரும்பாலானவை ஊர்க்காரர்களே நடத்துபவை. யாருக்கும் சம்பளம் கிடையாது, பல இடங்களில் உறுப்பினர்கள்தான் சந்தா கட்டுகிறார்கள். வேடிக்கை பார்க்க வந்தவர்களை மகிழ்விப்பது நோக்கமே இல்லை, நடந்தால் நடக்கட்டும் என்ற அளவுதான். அந்த உடுப்பு ‘நான் இந்த ஊர்’ என்பதற்கான அத்தாட்சி. அதனால்தான் அதை யார் போடலாம் என்பதில் ஊரே இரண்டுபடும் அளவுக்குச் சண்டை வருகிறது.

மேலே போவதற்கு முன் நிலவியலை ஒருமுறை சொல்லிவிடலாம். பாஸ்க் மக்கள் தங்கள் நாடு என்று சொல்வதில் ஏழு வட்டாரங்கள் உண்டு. நான்கு ஸ்பெயினில், மூன்று பிரான்சில். மொழி ஒன்றுதான், எயுஸ்கரா. உலகில் வேறு எந்த மொழிக்கும் அது உறவு என்று இதுவரை நிறுவப்படவில்லை. நவார்ரா நிர்வாகத்தில் தனி மாநிலம். அது பாஸ்க் நாட்டில் சேர்த்தியா என்று அதன் தலைநகரான பாம்ப்லோனாவின் மதுக்கடையில் கேட்டால் அன்று இரவு உங்களுக்குத் தூக்கம் இருக்காது.

பிரான்ஸ் பக்கம் உள்ள சுபேரோவா மிகச் சிறிய வட்டாரம். மொத்தம் சுமார் 15,000 பேர். ஆனால் வேஷத்தில் இதை மிஞ்ச ஆளில்லை. இங்கே நடப்பதற்கு மஸ்கராடா என்று பெயர். ஆண்டுதோறும் ஓர் ஊர் இளைஞர்கள் அந்தப் பொறுப்பை எடுத்துக்கொண்டு, பல மாதம் ஒத்திகை பார்த்து, ஜனவரியிலிருந்து வசந்த காலம் வரை ஞாயிற்றுக்கிழமைகளில் ஊர் ஊராகப் போவார்கள். போகிற ஊரில் நேராகச் சதுக்கத்துக்கு நடந்துவிட முடியாது. வழியில் தடுப்புகள் இருக்கும். ஒயின் குப்பியும் பலகாரமும் மேசையில் வைத்து அந்த ஊர்க்காரர்கள் மறித்து நிற்பார்கள். ஆடித்தான் கடக்க வேண்டும். ஒவ்வொரு தடுப்பிலும் ஆட்டம், ஒவ்வொரு தடுப்பிலும் ஒரு குவளை. மதியச் சாப்பாட்டுக்குள் குழுவின் நிலை என்ன ஆகும் என்று நீங்களே கணக்குப் போட்டுக்கொள்ளுங்கள்.

குழுவுக்குள் இரண்டு கட்சி: சிவப்பர், கறுப்பர். சிவப்பர் அழகாக உடுத்தி, ஒழுங்காக, வாய் திறக்காமல் ஆடுபவர்கள். கறுப்பர் கந்தல் உடுத்தி, கத்தி, உருண்டு, ஊர்ப் பெரிய மனிதர்களின் மானத்தை வாங்குபவர்கள். பாத்திரம் அடைப்பவர், சாணை பிடிப்பவர், நாடோடி, டாக்டர் என்று வெளியூரிலிருந்து வருபவர்களின் வேஷம் எல்லாம் இவர்களுக்கு. பிட்சு என்ற பாத்திரம் ஒவ்வொரு முறையும் சாவான். சாவதற்கு முன் உயில் எழுதுவான், அதில் அந்த ஆண்டின் ஊர் வம்பெல்லாம் வந்துவிடும். பிறகு டாக்டர் வந்து பிழைக்க வைப்பார். நாடோடிகளையும் கைவினைஞர்களையும் கறுப்பர் பக்கம் தள்ளி, நிலம் உள்ளவர்களையும் பிரபுவையும் சிவப்பர் பக்கம் வைத்திருப்பதில் பழைய கிராமத்தின் ஏற்றத்தாழ்வு அப்பட்டமாகத் தெரிகிறது. ஆனால் ஒலிபெருக்கி அந்தக் கந்தல்காரர்கள் கையில்தான் இருக்கிறது.

சிவப்பரின் நட்சத்திரம் சமல்சைன். பொய்க்கால் குதிரை மாதிரியேதான், இடுப்பில் மாட்டிய குதிரைச் சட்டகம், அதற்குச் சரிகைத் துணி, ஆடுபவரின் தலையில் பூவும் கண்ணாடியும் பதித்த உயரமான கிரீடம். ஆனால் இதில் கால் கட்டை கிடையாது, சொந்தக் காலில்தான் துள்ள வேண்டும். உச்சக்கட்டம் குவளை நடனம். தரையில் ஒயின் நிரப்பிய கண்ணாடிக் குவளை ஒன்றை வைப்பார்கள். ஐந்து முன்னணி ஆட்டக்காரர்களும் அதைச் சுற்றி, அதைத் தாண்டி, அதன்மேல் உரசுகிற மாதிரிக் கால் வீசி ஆடுவார்கள். முறை வரும்போது ஒரு நொடி குவளையின் விளிம்பில் பாதம் வைத்து, அங்கிருந்து எம்பிக் குதிக்க வேண்டும். சிந்தக் கூடாது, உடையக் கூடாது. மற்ற நால்வருக்காவது குவளை கண்ணுக்குத் தெரியும். சமல்சைனுக்கு இடுப்பில் உள்ள குதிரை குறுக்கே மறைக்கும். காலடியில் குவளை எங்கே இருக்கிறது என்பதைத் தாளக் கணக்கில்தான் அவர் கண்டுபிடிக்க வேண்டும். பின்னணியில் ஒரே ஆள் ஒரு கையில் மூன்று துளைக் குழலை ஊதிக்கொண்டு, மறு கையால் நரம்பு கட்டிய மத்தளத்தைத் தட்டுவார். அந்த வாத்தியக்காரருக்கு அன்று குவளை நீளாமல் பார்த்துக்கொள்வது யாருடைய வேலை என்று தெரியவில்லை.

முன்பு இவ்வளவும் ஆண்கள் மட்டுமே. குழுவில் ‘பெண்’ வேஷங்கள் உண்டு, பட்டாளத்துக்குப் பின்னால் பானம் சுமக்கும் காந்தினியேர்சா மாதிரி. அதையும் பாவாடை கட்டிய இளைஞரே ஆடுவார். இப்போது சுபேரோவாவில் பெண்கள் தாராளமாக ஆடுகிறார்கள். அங்கே இது பெரிய கலவரம் இல்லாமல் நடந்தது. ஊர்களில் இளைஞர் எண்ணிக்கை குறைந்துகொண்டே போகும்போது பாதிப் பேரை வெளியே நிறுத்திவைத்தால் விழாவே நடக்காது என்ற நடைமுறைக் கணக்கும் இதில் உதவியிருக்கும் என்பது என் ஊகம்.

சரி, இவையெல்லாம் எவ்வளவு பழசு? உடுப்பைப் பார்த்தால் எல்லாமே கற்காலம் மாதிரி இருக்கும். மணியும் தோலும் நிச்சயம் பழசுதான். மற்றவற்றைக் கொஞ்சம் சுரண்டிப் பார்த்தால் வயது குறைந்துகொண்டே வரும். பாம்ப்லோனாவின் சான் ஃபெர்மின் விழா என்றதும் காளை ஓட்டமும் வெள்ளை உடையும் சிவப்புக் கழுத்துத் துணியும்தான் நினைவுக்கு வரும். அந்த வெள்ளை உடையைக் கொண்டுவந்தது லா வெலேதா என்ற விழாச் சங்கம், ஆண்டு 1931. சங்கத்தார் கூட்டத்தில் தனித்துத் தெரிய எண்ணி உடுத்தியது, பிந்தைய பத்தாண்டுகளில் ஊர் முழுக்கத் தொற்றிக்கொண்டது. அதே விழாவில் ஆடும் எட்டு ராட்சத பொம்மைகளைத் ததேயோ அமொரேனா என்ற உள்ளூர்க் கலைஞர் 1860-ல் செய்தார். நான்கு கண்டங்களுக்கு ஓர் அரசர், ஓர் அரசி. ஒவ்வொன்றும் கிட்டத்தட்ட நான்கு மீட்டர் உயரம், சுமார் 60 கிலோ. உள்ளே ஒருவர் தோளில் தாங்கிச் சுழன்று ஆடுவார். பிள்ளைகள் சூப்பானை விட வேண்டிய வயது வந்ததும், அதை இந்த ராட்சத அரசர்களிடம் ஒப்படைப்பது ஒரு வழக்கம். அழுதுகொண்டே கொடுப்பார்கள். இந்தப் பரிவாரத்தில் கிலிக்கி என்று பெரிய தலை மாட்டிய ஆறு பேரும் உண்டு, கோலில் கட்டிய பஞ்சுப் பந்தால் பிள்ளைகளை விரட்டி அடிப்பது இவர்கள் தொழில். மூஞ்சியைச் சுளித்துக்கொண்டிருக்கும் கராவினாக்ரேதான் எல்லாருக்கும் பயம்.

விட்டோரியா நகரத்தில் ஆகஸ்ட் 4 அன்று தேவாலயக் கோபுரத்திலிருந்து குடை பிடித்தபடி கம்பியில் இறங்கி வரும் செலெதோன் என்ற கிராமத்தான் பொம்மை, முதன்முதலில் இறங்கியது 1957-ல். கீழே அவனை வரவேற்க நிற்கும் இளைஞர் குழுக்கள் போட்டிருப்பது பழைய உழவர்களின் தொளதொளச் சட்டை.

தொனோஸ்தியா, அதாவது சான் செபாஸ்டியன், வேறு மாதிரி. ஜனவரி 20, ஊர்க் காவல் புனிதர் செபஸ்தியாரின் நாள். முந்தைய நள்ளிரவு பன்னிரண்டுக்குச் சதுக்கத்தில் கொடி ஏறுகிறது, அப்போது தொடங்கும் முரசும் பீப்பாயும் அடுத்த நள்ளிரவுதான் நிற்கும். நூற்றுக்கும் மேற்பட்ட குழுக்கள் இருபத்துநான்கு மணி நேரமும் தெருத்தெருவாக அடித்துக்கொண்டு போகின்றன. விழாவின் பெயர் தம்போராடா. முக்கிய வேஷம் இரண்டு: நெப்போலியன் காலத்துப் படைவீரர், வெள்ளைத் தொப்பி போட்ட சமையல்காரர். படைவீரர் கையில் முரசு, சமையல்காரர் கையில் பீப்பாய்.

இந்த விசித்திரக் கூட்டணிக்கு ஊரில் சொல்லும் கதை இது. கோட்டைக்குக் காவல் மாற வரும் பட்டாளம் முரசடித்துக்கொண்டு தெருவில் போகும். குழாயடியில் தண்ணீருக்குக் காத்திருப்பவர்கள் கையிலிருந்த வாளியையும் பீப்பாயையும் தட்டி அவர்களைக் கேலி செய்வார்கள். நக்கலாகத் தொடங்கியது பின்னர் ஊர்வலமானது. 1861-ல் ராய்முந்தோ சர்ரியெகி எழுதிய அணிவகுப்பு இசைதான் இன்றும் ஊர் கீதம். 1813 ஆகஸ்ட் 31 அன்று, ஊரை விடுவிக்க வந்த ஆங்கிலேய-போர்த்துகீசியப் படையே ஊரைக் கொளுத்தியது என்பதையும் சேர்த்துப் பார்த்தால், படை உடுப்பைக் கேலிப்பொருளாக்கிய ஊரின் மனநிலை புரியும்.

சமையல்காரர் வேஷத்துக்கும் காரணம் உண்டு. குழுக்களில் பலவற்றை நடத்துவது உணவுச் சங்கங்கள். உறுப்பினர்கள் கூடிச் சமைத்துச் சாப்பிடும் இடங்கள், பல காலம் ஆண்களுக்கு மட்டுமானவை. சங்கத்துக்குள் பெண்கள் வர முடியாததால் விழாவிலும் இடம் இல்லாமல் போயிற்று. 1980-ல் கிரெசாலா என்ற சங்கம் பெண்களைச் சேர்த்துக்கொண்டு முதலில் வழி திறந்தது. இப்போது பெண்கள் முரசு அடிக்கிறார்கள், தண்ணீர் சுமப்பவர்களாக வாளியும் தட்டுகிறார்கள். பகலில் ஆயிரக்கணக்கான பள்ளிப் பிள்ளைகள் பட்டாளத்து உடுப்பில் தனி ஊர்வலம் போகிறார்கள்.

இடையில் ஒரு பெரிய முறிவு உண்டு. 1937 பிப்ரவரியில், ஸ்பெயின் உள்நாட்டுப் போரின் நடுவே, பின்னர் நாட்டின் சர்வாதிகாரியான பிராங்கோவின் தரப்பு முகமூடித் திருவிழாக்களுக்குத் தடை போட்டது. முகத்தை மூடிக்கொண்டு அதிகாரத்தைக் கிண்டல் செய்யும் கூட்டத்தை எந்தச் சர்வாதிகாரிக்குத்தான் பிடிக்கும்? பல ஊர்களில் வழக்கம் அறுந்தது. சுபியெத்தாவும் இத்துரெனும் மலையோரம் ஒதுங்கி இருந்ததால் எப்படியோ தாக்குப்பிடித்தன. லாந்த்ஸ் என்ற ஊரில் மியேல் ஓச்சின் என்ற மூன்று மீட்டர் வைக்கோல் கொள்ளைக்காரனை ஊர்வலமாகக் கொண்டுபோய்க் கொளுத்தும் விழா நின்றே போயிருந்தது. 1964-ல் மானிடவியலாளர் ஹூலியோ காரோ பரோஹாவும் அவர் தம்பி பியோவும் ஆவணப் படம் எடுக்கப் போனபோது, ஊர்க்காரர்கள் அதற்காக விழாவை மீண்டும் நடத்தினார்கள். படம் எடுத்தவர்கள் திரும்பிவிட்டார்கள், விழா தங்கிவிட்டது.

அதே 1937-ல்தான் இதற்கு நேர்மாறான ஒன்றும் நடந்தது. தோற்று நாடுகடந்த பாஸ்க் அரசு, எரேசொயின்கா என்ற பெயரில் பாடகர்களையும் நடனக்காரர்களையும் திரட்டி ஐரோப்பிய மேடைகளுக்கு அனுப்பியது. தங்கள் மக்களின் கதியை உலகம் கவனிக்க வேண்டும் என்பது நோக்கம். பிற்காலத்தில் பிரான்சில் பெரும் புகழ் பெற்ற பாடகர் லூயிஸ் மரியானோ அதில் இருந்தார். 1939-ல் குழு கலைந்தது. வெளியார் பார்ப்பதற்கென்றே பாரம்பரிய உடுப்பு போட்ட குழு எது என்று கேட்டால் இதைத்தான் சொல்வேன். அதுவும் வேடிக்கைக்கு இல்லை, வேறு வழியில்லாத நிலையில்.

பிராங்கோ 1975-ல் இறந்தார். மூன்று ஆண்டில் பில்பாவோ தன் பெருவிழாவைப் புதிதாகவே தொடங்கியது. மக்கள் விழா எப்படி இருக்க வேண்டும் என்று 1978-ல் நடந்த யோசனைப் போட்டியில் சோமின் பருல்யோ என்ற குழு வென்றது. ஏற்பாட்டை நகராட்சி மட்டும் தனியாகச் செய்யாமல், கொன்பர்ச்சா எனப்படும் ஊர்க் குழுக்களும் சேர்ந்து செய்வது அன்றிலிருந்து முறை. ஆற்றங்கரையில் குழுக்கள் கடை போட்டுப் பானமும் தின்பண்டமும் விற்கின்றன. அந்த வருமானத்தில் குழு ஆண்டு முழுக்க ஓடுகிறது. பல குழுக்களுக்கு வெளிப்படையான அரசியல் உண்டு, கடைச் சுவர் ஓவியமே அதைச் சொல்லிவிடும். கைகளை மேலே தூக்கி நிற்கும் மாரியாயா என்ற பெண் பொம்மையை ஓவியர் மாரி புரி எர்ரேரோ அந்த முதல் ஆண்டுக்காகச் செய்தார். ஒவ்வோர் ஆண்டும் ஒன்பதாவது இரவில் எரிக்கிறார்கள், அடுத்த ஆகஸ்டில் அவள் திரும்ப வருகிறாள்.

இனிச் சண்டைக்கு வருவோம். பிரான்ஸ் எல்லையில் உள்ள இருன், ஒந்தாரிபியா என்ற இரு ஊர்களிலும் அலார்தே என்ற படை அணிவகுப்பு நடக்கிறது. இருனில் ஜூன் 30 அன்று, 1522-ல் நடந்த போரின் நினைவாக. ஒந்தாரிபியாவில் செப்டம்பர் 8 அன்று, 1638-ல் பிரெஞ்சு முற்றுகை முறிந்ததன் நினைவாக. சிவப்புத் தொப்பி, துப்பாக்கி, குழல், முரசு. தெருவுக்கு ஒரு படைப்பிரிவு என்று ஊர் ஆண்கள் எல்லாரும் நடப்பார்கள். ஒவ்வொரு பிரிவுக்கும் ஓர் இளம்பெண், பானம் சுமக்கும் காந்தினேரா வேஷத்தில், விசிறியோடு முன்னால் வருவாள். அதற்குத் தேர்வாவது அந்த வீட்டுக்கே பெருமை.

1996-ல் சில பெண்கள் நாங்களும் படைவீரராக நடப்போம் என்றார்கள். அவ்வளவுதான், ஊர் பிளந்தது. தெருவில் தள்ளுமுள்ளு, வசை. ஒரே குடும்பத்துக்குள் பேச்சு நின்றுபோனது. பெண்கள் நீதிமன்றம் போனார்கள், நீதிமன்றங்கள் அவர்கள் பக்கம் தீர்ப்புச் சொல்லின. அதற்குப் பழைய முறையினர் கண்டுபிடித்த வழி, விழாவை நகராட்சியிடமிருந்து பிரித்துத் தனியார் அமைப்பின் நிகழ்ச்சியாக மாற்றிவிடுவது. ஒந்தாரிபியாவில் ஆண்களும் பெண்களும் சேர்ந்து நடக்கும் ஹைஸ்கிபெல் பிரிவு வரும்போது, எதிர்ப்பாளர்கள் தெருவின் இருபுறமும் கறுப்பு பிளாஸ்டிக் விரிப்பைத் தூக்கிப் பிடித்து மறைத்தார்கள், முதுகைக் காட்டி நின்றார்கள். கவனியுங்கள், அந்த எதிர்ப்பாளர்களில் பெண்களும் கணிசம். “எங்கள் பாட்டி பார்த்து ரசித்த விழா, அது அப்படியே இருக்கட்டும்” என்பது அவர்கள் வாதம். எனக்கு அதில் உடன்பாடு இல்லை. கிட்டத்தட்ட நானூறு ஆண்டுகளுக்கு முந்தைய முற்றுகையில் மதில்மேல் நின்று சண்டை போட்டவர்கள் ஆண்கள் மட்டும்தானா என்பது ஒரு பக்கம் இருக்கட்டும். இன்றைய அணிவகுப்பின் உடுப்பும் இசையும் பெரும்பாலும் பத்தொன்பதாம் நூற்றாண்டின் ஏற்பாடு. அன்று மாற்ற முடிந்தது என்றால் இன்றும் முடியும். ஆனால் அவர்களுக்கு வலித்தது எங்கே என்பது புரிகிறது. ஊர்க்காரர் என்பதற்கான ஒரே அத்தாட்சியை நீதிபதி வந்து திருத்தி எழுதுகிறார் என்று அவர்கள் நினைத்தார்கள்.

பெண்கள் கேட்டதும் அதே அத்தாட்சியைத்தான். அந்த உடுப்புக்கு ஊரில் ஒரு மதிப்பும் இல்லாமல் இருந்திருந்தால், கேட்கவும் ஆள் இருந்திருக்காது, மறிக்கவும் ஆள் இருந்திருக்காது.

இந்த முப்பது ஆண்டுகளில் கலப்புப் பிரிவில் நடப்பவர்களின் எண்ணிக்கை கூடியிருக்கிறது, தெருவில் கைதட்டலும் கேட்கிறது. ஆனாலும் இருனில் ஜூன் 30 அன்று இன்னும் இரண்டு அலார்தே நடக்கின்றன. அதே ஊர், அதே உடுப்பு, அதே இசை. கலப்பு ஊர்வலம் காலையில் முன்னதாகக் கிளம்பிவிடும், மற்றது அது கடந்தபின் வரும். பார்க்கப் போகிறவர்கள் எதற்கு வந்திருக்கிறோம் என்று முன்கூட்டியே தீர்மானித்துக்கொண்டு போவது நல்லது. காப்பிக் கடையில் பக்கத்து மேசைக்காரர் கேட்கிற முதல் கேள்வி அதுவாகத்தான் இருக்கும்.